மாதவியின் குரல்: டி. பி. ராஜலட்சுமி

வையைக் கரையில் வாழும் கோச்சடை மக்களுக்குக் கோவலன் கதை புதிதன்று. நாடகமாகவும் கூத்தாகவும் தலைமுறை தலைமுறையாக மதுரை வட்டாரம் கேட்டுக் கண்ணீர் விட்ட கதை அது. அக்கதையை ஏ. நாராயணனின் ஜெனரல் பிக்சர்ஸ் கார்ப்பரேஷன் 1929இல் மௌனப் படமாக எடுத்தது. அதில் மாதவியாகத் தோன்றியவர் டி. பி. ராஜலட்சுமி. கண்ணகிக்கு அடுத்த நிலையில் வைக்கப்பட்ட பாத்திரம். அதனினும் பெரிய விந்தை, ஆடலிலும் பாடலிலும் சிறந்த மாதவி அப்படத்தில் வாய் திறந்து பாட இயலாமற் போனதுதான்.

ராஜலட்சுமிக்கோ குரலே செல்வம். 1911ஆம் ஆண்டு தஞ்சை மண்ணில் பிறந்த அவருக்குச் சிறு பிராயத்திலேயே திருமணம் நிகழ்ந்தது. வரதட்சிணைக் குறையால் அம்மணம் நிலைக்கவில்லை. தந்தையும் மறைந்த பின் தாயுடன் திருச்சிக்கு வந்தார். நல்ல குடும்பத்துப் பெண்கள் மேடை ஏறுவதை ஊர் இழிவாகக் கருதிய காலம் அது. பசிக்கு ஊரார் சொல் மருந்தாகாது என்பதை உணர்ந்த அச்சிறுமி, சங்கரதாஸ் சுவாமிகளின் பரிந்துரையால் சாமண்ணா ஐயரின் நாடகக் குழுவிற் சேர்ந்தார் என்பர். மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தோற்றுவித்த அதே சுவாமிகள்தாம் அவர். பின்னர்ப் பல குழுக்களில் பாடி நடித்து ராஜலட்சுமி பெரும் புகழ் கொண்டார்.

அத்தகைய பாடகியை மௌனப் படம் ஊமையாக்கியது. உஷா சுந்தரி, ராஜேஸ்வரி முதலிய படங்களிலும் முகபாவமும் அபிநயமுமே அவருக்குத் துணை நின்றன.

1931இல் நிலை மாறிற்று. ஆலம் ஆரா என்னும் இந்திப் பேசும் படத்தை வெளியிட்ட அர்தேஷிர் இரானி, பம்பாயில் காளிதாஸ் படத்தைத் தயாரித்தார். இயக்கியவர் எச். எம். ரெட்டி. தென்னாட்டில் ஒலிப்பதிவுக் கூடம் ஒன்றேனும் இல்லாத நாள் அது. நாயகர் தெலுங்கிற் பேச, ராஜலட்சுமி தமிழிற் பேசினார், பாடினார். பாடல்களை யாத்தவர் மதுரகவி பாஸ்கரதாஸ். காளிதாசனின் கதைக்குச் சற்றும் தொடர்பில்லாமல் காந்தியடிகளின் இராட்டையைப் போற்றும் பாடல் ஒன்றும் இடம்பெற்றது. அப்படம் 1931 அக்டோபர் 31இல் சென்னை கினிமா சென்ட்ரலில் திரையிடப்பட்டது. துணைப் பாத்திரத்தில் வாய் மூடி நின்றவர் இரண்டே ஆண்டுகளில் தமிழ்த் திரையின் முதற் குரலானார்.

1933இல் வெளிவந்த வள்ளி திருமணம் அவரைச் சினிமா ராணி ஆக்கியது. நடிகர் டி. வி. சுந்தரத்தை மணந்து, சொந்தப் பட நிறுவனமும் கண்டார். கமலவல்லி என்னும் தமது நாவலை 1936இல் மிஸ் கமலா என்ற படமாக்கினார். கதை, தயாரிப்பு, இயக்கம், நடிப்பு ஆகிய நான்கையும் தாமே ஏற்றார். தென்னிந்தியத் திரையின் முதற் பெண் இயக்குநர் அவரே. 1939இல் மதுரை வீரனையும் படமாக்கினார். தம் வாழ்வில் மறுக்கப்பட்ட தெரிவைத் தொழிலில் அவர் வலிந்து பெற்றுக்கொண்டார் என்றே கொள்ளவேண்டும்.

ஆயினும் அந்த உரிமைக்கு விலை இருந்தது. தேச உணர்ச்சி மிகுந்த இந்தியத் தாய் படம் அந்நிய அரசின் தணிக்கைக்கு உள்ளாகி, அவருக்குப் பெரும் பொருள் இழப்பைத் தந்தது. புதிய முகங்கள் வந்தன. நாயகியர் வரிசையிலிருந்து விலகிய அம்மையார், இதயகீதம் (1950) போன்ற படங்களில் மீண்டும் துணைப் பாத்திரங்களையே ஏற்றார். தொடங்கிய இடத்திற்கே திரும்பினாலும் அவர் தொழிலை இழிவாக எண்ணவில்லை. 1964 ஆகஸ்ட் 20இல் சென்னையில் மறைந்தார்.

காளிதாஸ் படத்தின் பிரதி எதுவும் இன்று எஞ்சவில்லை. பாட்டுப் புத்தகமும் சில நிழற்படங்களுமே மிச்சம். தமிழ்த் திரைக்கு முதன்முதலில் குரல் கொடுத்தவரின் அக்குரலைக் கேட்க நமக்கு வழியில்லை. மாதவி மீண்டும் மௌனமாகிவிட்டாள். அவள் பாடினாள் என்பதையேனும் நம் பிள்ளைகளுக்குச் சொல்லிவைப்பது நம் கடன்.