ஸ்ரீமதி வை. மு. கோதைநாயகி அம்மாள் சரிதை

கல்விச்சாலைக்குச் சென்று பயிலாத ஒரு ஸ்திரீ, தாமே ஒரு பத்திரிகைக்கு அதிபராகித் தம் கதையின் அடுத்த பகுதி எப்பொழுது வருமென்று தமிழ்நாட்டுக் குடும்பங்களை மாதந்தோறும் எதிர்பார்த்திருக்கச் செய்தார். நமது சங்கத்துக் குடும்பங்களிலுள்ள பெண்மக்களும் சிறுவர்களும் அவ்வம்மையாரின் வரலாற்றை அறிந்திருத்தல் நலமாகும்.

கோதைநாயகி அம்மாள் 1901ஆம் ஆண்டு டிசம்பர் 1ந் தேதி பிறந்தவர். தந்தையார் என். எஸ். வெங்கடாசாரியார், தாயார் பட்டம்மாள். மழலைப் பருவத்திலேயே தாயை இழந்தமையால் உறவினர் ஆதரவில் வளர்ந்தார். ஐந்தரை வயதில், 1907ஆம் ஆண்டில், திருவல்லிக்கேணியைச் சேர்ந்த வை. மு. பார்த்தசாரதிக்கு மணம் செய்விக்கப்பெற்றார். மணமகனுக்கும் அப்பொழுது வயது ஒன்பதே. வைத்தமாநிதி முடும்பை என்பதன் முதலெழுத்துக்களே வை. மு. என்பன. கம்பராமாயண உரையாசிரியர் வை. மு. கோபாலகிருஷ்ணமாசாரியாரது பெயரிலும் அவ்வெழுத்துக்களே விளங்குவதைக் கற்றோர் அறிவர். புகுந்த இடம் புலமை நிறைந்த இடமாயினும், பெண்கள் நூலியற்றுவது அரிதாயிருந்த காலம் அது.

வீட்டுக் குழந்தைகளைக் கூட்டி வைத்துக்கொண்டு கதை சொல்வது அம்மையாருக்கு இயல்பாக வாய்த்த கலை. கணவர் நாடகங்களுக்கு அழைத்துச் செல்வார். அவற்றைக் கண்டு வந்த மனத்தில் தாமே ஒரு நாடகம் புனைய வேண்டுமென்ற ஆவல் எழுந்தது. கதை உள்ளத்தில் உருவாகியும் எழுதப் பழகாமையால் அது காகிதத்தில் ஏறவில்லை. பட்டம்மாள் என்னும் தோழியார் அருகிலிருந்து, அம்மையார் சொல்லச் சொல்ல எழுதி முடித்தார். இவ்வாறு பிறந்த ‘இந்திரமோஹனா’ என்னும் நாடகம், கணவரின் ஊக்கத்தால் 1924ஆம் ஆண்டில் நூலாக அச்சேறியது. அத்தோழியாரின் துணையாலேயே அம்மையார் எழுதவும் கற்றுக்கொண்டார்.

அக்காலத்தில் தமிழ் வாசகரை ஆட்கொண்டிருந்தவை துப்பறியும் நாவல்களே. ஜே. ஆர். ரங்கராஜுவின் துப்பறியும் கோவிந்தனும், ஆரணி குப்புசாமி முதலியாரின் மர்மக் கதைகளும், வடுவூர் துரைசாமி ஐயங்காரின் திகம்பர சாமியாரும் இல்லந்தோறும் பேசப்பட்டனர். களவு, கொலை, மாறுவேஷம், பொய்க் கடிதம் ஆகியவற்றின் சிக்கலை அவிழ்க்கும் இக்கதைகளிற் பல ஆங்கிலக் கதைகளைத் தழுவியவை. அவற்றை எழுதியோர் பெரும்பாலும் புருஷர்களே. பெண்கள் படிக்கலாகாது என்று பெரியோர் ஒளித்து வைக்க, பெண்கள் அதனினும் மறைவாக எடுத்துப் படித்தார்கள். இத்துறையிலேயே அம்மையாரும் புகுந்தார். அவரது முதல் நாவலாகிய ‘வைதேகி’ மர்மமும் துப்பறிதலும் அமைந்தது.

இந்நிலையில் ‘ஜகன்மோகினி’ என்றொரு மாதப் பத்திரிகை நடைபெறாமல் நின்றிருந்தது. அதனை ஏற்று நடத்தும்படி வடுவூரார் யோசனை கூறினார். 1925ஆம் ஆண்டில் அம்மையார் அதனைத் தம் வசமாக்கிக்கொண்டு, ‘வைதேகி’யை அதில் வெளியிடலானார். கதையின் முடிச்சு அவிழாதிருக்கும்வரை வாசகர் சந்தாவை நிறுத்தார். சந்தா நிற்காதவரை பத்திரிகையும் நில்லாது. மர்மக் கதைக்குரிய இவ்வியல்பே அவரது முயற்சிக்கு மூலதனமாயிற்று. ஒரு பெண் எழுதுவதும், எழுதியதைத் தாமே விற்பதும் கண்டு ஏளனம் செய்தோர் பலர். வீட்டார் முகத்துக்கு எதிரேயே வசைகள் எழுந்தன. கணவர் அவற்றைப் பொருட்படுத்தாமல், பத்திரிகைக் காரியங்களில் உடனிருந்து உழைத்தார். அவரது துணையின்றி இச்சரிதை நடந்திராது என்பதை நம் ஆடவர்கள் கவனிக்க வேண்டும்.

அதே 1925ஆம் ஆண்டில், மயிலாப்பூரில் எஸ். ஸ்ரீநிவாச ஐயங்கார் இல்லத்துக்கு எழுந்தருளிய காந்தியடிகளை அம்மையார் தரிசித்தார். ஐயங்காரின் புதல்வியார் அம்புஜம்மாளின் நட்பும் கிட்டிற்று. அன்று முதல் பட்டும் ஆபரணமும் நீங்கின, கதர் வந்தது. காங்கிரஸ் மேடைகளில் பேசினார். இனிய சாரீரம் வாய்ந்தவராதலால் பாரதியார் பாடல்களைப் பாடினார். கள்ளுக்கடை மறியலும் அந்நிய வஸ்திர பகிஷ்காரமும் நடந்த காலத்தில், 1932ஆம் ஆண்டில், சிறைத் தண்டனையும் அடைந்தார். சிறையிலும் நாவல் எழுதுவதை அவர் விடவில்லை.

இதற்குப் பின் அவரது கதைகளின் நோக்கம் விரிந்தது. துப்பறிதலின் சுவை முற்றும் மறையவில்லை. ஆயினும் விதவைகளின் துயரம், வரதக்ஷிணைக் கொடுமை, மதுவின் கேடு, தீண்டாமை ஆகியவை கதைப்பொருள்களாயின. பிறர் பிரசுரத்தை நம்பியிருந்தால் இவற்றை இவ்வளவு துணிவுடன் எழுத இடம் கிடைத்திருக்குமோ என்பது ஐயமே. பத்திரிகை தமதாயிருந்தமையின், எதை எழுதுவது என்பதை அவரே தீர்மானித்தார். 1937ஆம் ஆண்டில் சொந்த அச்சுக்கூடமும் அமைந்தது. இரண்டாம் உலக யுத்தத்தில் காகிதம் அரிதாகியும் பத்திரிகை மடிந்துபோகவில்லை. ஏறத்தாழ 35 ஆண்டுகள் அது அவரது கையில் விளங்கிற்று.

அம்மையார் எழுதிய நாவல்கள் 115 என்பர். அவற்றில் ‘ராஜ்மோகன்’ 1937லும், ‘அநாதைப் பெண்’ 1938லும் படங்களாயின. ‘தயாநிதி’ என்ற நாவல் அவர் மறைந்த பின் 1966ஆம் ஆண்டில் ‘சித்தி’ என்னும் படமாகிப் பெருவெற்றி பெற்றது.

அவரது நாவல்களில் தற்செயலான சந்திப்புகள் மிகுதி என்றும், உபதேசம் கதையை இடைமறிக்கிறது என்றும் விமரிசகர் கூறுவர். அது முற்றும் பொய்யன்று. மாதந்தவறாமல் பக்கங்களை நிரப்ப வேண்டிய கடமையுள்ளவருக்கு, எழுதியதைத் திருத்தி மெருகிட ஓய்வு கிடைப்பது அரிது. ஆனால் வேறெந்த நூலும் எட்டாத அடுக்களைகளில் நுழைந்து, எத்தனையோ பெண்களுக்கு வாசிக்கும் பழக்கத்தையே உண்டாக்கியவை அந்நாவல்கள்தாம்.

இறுதிக் காலம் துயர் நிறைந்தது. 1956ஆம் ஆண்டில் ஒரே புதல்வர் ஸ்ரீநிவாசனை இழந்தார். அத்துக்கத்தினின்று அம்மையார் மீளவில்லை. க்ஷயரோகத்தால் பீடிக்கப்பெற்று, 1960ஆம் ஆண்டு பிப்ரவரி 20ந் தேதி தாம்பரம் மருத்துவசாலையில் காலகதியடைந்தார்.

திருவல்லிக்கேணி, மயிலாப்பூர் முதலிய இடங்களிலுள்ள பழைய இல்லங்களின் பரண்களில் ‘ஜகன்மோகினி’ இதழ்கள் இன்னும் கிடத்தல் கூடும். வீட்டை இடித்துக் கட்டும்போது அவை முதலில் பழைய காகிதக் கடைக்கே போகின்றன. அவ்வாறு செய்யாது, தரமணியிலுள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம், பெசன்ட் நகரிலுள்ள டாக்டர் உ. வே. சாமிநாதையர் நூல்நிலையம் போன்ற நிலையங்களாரைக் கேட்டு ஒப்புவித்தல் நம் கடமை. எழுதத் தெரியாது தொடங்கி, அச்சுக்கூடத்துக்கே உரியவராகி நின்ற ஒரு பெண்மணியின் உழைப்பைச் செல்லுக்கு இரையாக்குவது நமக்கு அழகன்று. அங்கத்தினர்கள் இன்றே தத்தம் பரண்களை நோக்குவார்களாக.