கல்லில் காலம் கண்ட மன்னர்

போரில் வென்று கோட்டை கட்டிய மன்னர்கள் பலர். இறைவனுக்குக் கோயில் எடுத்த மன்னர்களும் பலர். கதிரவனின் நிழல் வந்து விழுவதற்கென்றே மாளிகை உயரத்தில் ஒரு சுவரை எழுப்பிய மன்னர் எத்தனை பேர்? அத்தகைய அரியவருள் ஒருவர் செய்ப்பூர் நகரை அமைத்த சவாய் செய்சிங். அவருடைய வாழ்க்கை, கல்லூரியில் பயிலும் நாம் அறிந்துகொள்ள வேண்டிய ஒன்றாகும்.

இராசபுத்திர நாடுகளுள் ஒன்றான ஆம்பேரில் 1688ஆம் ஆண்டு நவம்பர் 3ஆம் நாள் அவர் பிறந்தார். தந்தை பிஷன்சிங் மறைந்ததும், 1700இல், பதினோரு வயதுப் பாலகனாக அரியணை ஏறினார். அந்நாளில் ஆம்பேர் மன்னர்கள் மொகலாயப் பேரரசருக்குப் படைத்துணை அளிக்கும் கடமையுடையவர்கள். எனவே, ஏடும் எழுத்தாணியும் பிடிக்க வேண்டிய இளமையிலேயே செய்சிங் வாள் பிடிக்க நேர்ந்தது. ‘சவாய்’ என்ற பட்டம் அவரைத் தேடி வந்தது. ஒன்றேகால் என்பது அதன் பொருள். ஓர் ஆளுக்கு மேலும் கால் பங்கு ஆற்றல் உடையவர் என்பது கருத்து. ஔரங்கசீப் 1707இல் இறந்தபின் எழுந்த அரியணைப் போரில் தம் ஆம்பேரையே இழந்து, பின்னர் அதனை மீட்டார். ஆக்ராவிலும் மாளவத்திலும் ஆளுநராகப் பணிபுரிந்தார். இத்தனை அலைச்சலுக்கு இடையிலும் அவர் உள்ளம் வானத்தையே நாடியது.

அவரை வாட்டியது ஒரே ஒரு கேள்வி. ஏட்டில் உள்ள கணக்கும் வானில் காணும் காட்சியும் ஏன் ஒத்துப்போகவில்லை? கோள் இன்ன நாழிகையில் இன்ன இடத்தில் நிற்கும் என்று ஏடு கூறும். அண்ணாந்து பார்த்தால் கோள் வேறிடத்தில் நிற்கும். திருமணம், யாத்திரை, வேள்வி, படையெடுப்பு ஆகிய யாவும் நாளும் கோளும் பார்த்தே நடந்த காலம் அது. கணக்குப் பிழைத்தால் அனைத்தும் பிழைத்ததாகவே கருதப்படும். வாக்கியப் பஞ்சாங்கம் ஒன்று சொல்ல, திருக்கணிதம் வேறொன்று சொல்வதைக் கண்டு வளர்ந்த நமக்கு இத்தொல்லை புதிதன்று. செய்சிங் இக்குறையைப் பேரரசர் முகம்மது ஷாவிடம் எடுத்துரைத்தார். வானை மீண்டும் அளந்து புதிய அட்டவணை காணும் பொறுப்பையும் ஏற்றார்.

முதலில் பித்தளைக் கருவிகள் செய்து பார்த்தார். அவை சிறியனவாக இருந்தன, அச்சுத் தேய்ந்தது, மையம் நகர்ந்தது, அளவு தவறியது. கல்லும் சுண்ணாம்பும் கொண்டு பெரிதாகக் கட்டினால் கருவி அசையாது, நுண்ணிய கோடுகளையும் அதில் பொறிக்கலாம் என்று அவர் தெளிந்தார். பதினைந்தாம் நூற்றாண்டில் சமர்க்கந்தில் உலூக் பேக் எழுப்பிய மாபெரும் வானாய்வகம் அவருக்கு வழிகாட்டியது. தில்லி, செய்ப்பூர், உச்சயினி, காசி, மதுரா என ஐந்து நகரங்களில் வானாய்வகங்கள் எழுந்தன. ஓரிடத்தில் கண்டதை மற்றோரிடத்தில் சரிபார்க்கவும் இது உதவியது.

1727 நவம்பரில் அவர் கால்கோள் செய்த செய்ப்பூரில் உள்ள சாம்ராட் யந்திரமே அவற்றுள் பெரியது. ஏறத்தாழ 27 மீட்டர் உயரமுள்ள முக்கோணச் சுவர். அதன் சாய்ந்த விளிம்பு பூமியின் அச்சுக்கு இணையாக வடதுருவத்தை நோக்குகிறது. இருபுறமும் வளைந்த கல்மேடைகள். சுவரின் நிழல் ஒரு நொடிக்கு ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் வீதம் அம்மேடைமீது ஊர்கிறது. காலம் நகர்வதைக் கண்ணால் காணலாம்!

அறிவு எங்கிருந்து வந்தாலும் அவர் வரவேற்றார். அவர் அவையில் வடமொழி வல்லாரும் இசுலாமிய வானியலாரும் ஒருங்கே அமர்ந்தனர். சகந்நாதர் என்னும் பண்டிதர் யூக்ளிடின் வடிவகணிதத்தை அரபியிலிருந்து வடமொழிக்குக் கொண்டுவந்தார். 1720களின் இறுதியில் போர்ச்சுகல் நாட்டுக்குத் தூதுக்குழு ஒன்று சென்றது. அதன்வழி பிரெஞ்சு அறிஞர் லா இரின் அட்டவணைகள் கிடைத்தன. ஐரோப்பாவின் நூல் என்பதற்காக மன்னர் அதனை அப்படியே நம்பினாரா? இல்லை. வானோடு ஒப்பிட்டு, சந்திரன் நிலையில் அரைப் பாகை அளவுக்குப் பிழை இருப்பதைக் கண்டார். தம் ஆய்வின் பயனைப் பாரசீக மொழியில் அட்டவணை நூலாக்கிப் பேரரசர் முகம்மது ஷாவின் பெயரையே அதற்குச் சூட்டினார்.

குறைகளும் இருந்தன. ஞாயிறு ஒரு புள்ளியன்று, வட்டு. ஆதலால் பெருஞ்சுவரின் நிழலோரம் சில அங்குலம் மங்கிப் பரவுகிறது. கருவி பெரிதாகப் பெரிதாக அம்மங்கலும் பெரிதாகும். 1609இலேயே கலிலியோ தொலைநோக்கியை வானுக்குத் திருப்பிவிட்டார். மேலைநாட்டு வானியல் அவ்வழியே வெகுதூரம் சென்றிருந்த வேளையில், செய்சிங் வெறுங்கண்ணுக்குரிய கருவிகளின் உச்சியில் நின்றார்.

1743 செப்டம்பரில், 54ஆம் வயதில், அவர் மறைந்தார். மைந்தர்களிடையே அரியணைப் பூசல் மூண்டது. வானைப் பார்த்த கண்கள் போர்க்களம் பார்க்கத் திரும்பின. மதுரா வானாய்வகம் 1857க்கு முன்பே சுவடின்றி மறைந்தது. செய்ப்பூர்க் கருவிகள் 1901-02இல் செப்பனிடப்பட்டன; 2010இல் யுனெசுகோவின் உலகப் பாரம்பரியச் சின்னமாயின.

இன்றும் அந்நிழல் செய்ப்பூரின் உள்ளூர் நேரத்தையே காட்டுகிறது. இந்தியத் திட்ட நேரத்துக்கு அது சராசரியாக 27 நிமிடம் பின்தங்கி நிற்கும். கடிகாரம் நாட்டுக்குப் பொதுவான நேரத்தைக் கூறுகிறது. கல்லோ அவ்விடத்து ஞாயிற்றுக்கு மட்டுமே பணிகிறது.

காலத்தை ஆள நினைத்தவர் பலர். அது யாருக்கும் வசப்படவில்லை. செய்சிங் அதனை அளக்க முயன்றார். அவருடைய அட்டவணைகள் பழையன ஆகிவிட்டன. எனினும், ஏடு சொல்வதை வானத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கும் துணிவு என்றும் பழமை அடையாது. தேர்வுக்காக ஏட்டை மனப்பாடம் செய்யும் நாம், ஒருநாளேனும் தலைநிமிர்ந்து வானத்தைப் பார்ப்போமாக!