தில்லைக் குயவரின் திருவோடு

தில்லை என்றதும் நடராஜர்தான் நினைவுக்கு வருவார். அதே ஊரில் சக்கரம் சுற்றி, சூளை வைத்து, சட்டி பானை விற்றுப் பிழைத்தவர் திருநீலகண்ட நாயனார். திருத்தொண்டத் தொகையில் தில்லைவாழ் அந்தணர்களுக்கு அடுத்து இந்தக் குயவரைத்தான் போற்றுகிறார் சுந்தரர் என்றால் பாருங்களேன்!

சிவனடியார்களுக்குத் திருவோடு செய்து கொடுத்தால் காசு வாங்கமாட்டார். ஆலகால விஷத்தை அடக்கிய ஈசனின் நீலகண்டத்தின் மேல் அவ்வளவு பக்தி. எந்நேரமும் வாயில் அந்தத் திருநாமம்தான்.

அப்படிப்பட்டவர், இளமை வேகத்தில் பரத்தை ஒருத்தியின் வீட்டுக்குப் போய்விட்டார். 12-ஆம் நூற்றாண்டில் பெரியபுராணம் பாடிய சேக்கிழார் இதை மூடி மறைக்கவில்லை. விஷயம் அறிந்த மனைவி, வீட்டுக் கடமைகளில் ஒரு குறையும் வைக்கவில்லை. ஆனால் சேர்ந்து வாழ மட்டும் சம்மதிக்கவில்லை. சமாதானம் செய்ய நெருங்கியபோது, எம்மைத் தொடக்கூடாது என்று திருநீலகண்டத்தின் மேல் ஆணை வைத்துவிட்டார். என்னை என்று சொல்லியிருந்தால் அந்த அம்மாளோடு போயிருக்கும். எம்மை என்று பன்மையில் சொன்னதால், எந்தப் பெண்ணையும் மனதாலும் தீண்டுவதில்லை என்று முடிவெடுத்தார் நாயனார்.

ஒரே கூரை, சின்னஞ்சிறு வீடு. இளமை போய் முதுமை வந்தது. அக்கம்பக்கத்தில் ஒருவருக்கும் தெரியாது. தள்ளாத வயதிலும் விரல்கூடப் பட்டதில்லை. அந்த அம்மாளின் பெயரைச் சேக்கிழார் சொல்லாமல் விட்டது எனக்குக் குறையாகவே படுகிறது. சபதத்தில் பாதி அவருடையது அல்லவா!

ஒருநாள் சிவயோகி ஒருவர் வந்து, ஒரு திருவோட்டைப் பத்திரமாக வைத்திருக்கச் சொல்லிவிட்டுப் போனார். திரும்பி வந்து கேட்டபோது ஓட்டைக் காணோம். புதிதாகச் செய்து தருவதாகச் சொல்லியும் அவர் விடவில்லை. எடுக்கவில்லை என்றால், பிள்ளையின் கையைப் பிடித்துக் குளத்தில் மூழ்கிச் சத்தியம் செய் என்றார். பிள்ளை இல்லை. அப்படியானால் மனைவியின் கையைப் பிடி என்றார்.

வழக்கு தில்லைவாழ் அந்தணர் சபைக்குப் போனது. அவர்களும் மூழ்கத்தான் சொன்னார்கள். திருப்புலீச்சுரத்துக் குளக்கரையில், மூங்கில் கழி ஒன்றின் இரு முனைகளையும் கணவனும் மனைவியுமாகப் பிடித்து இறங்கினார்கள். யோகி ஒத்துக்கொள்ளவில்லை. வேறு வழியின்றி, இத்தனை வருடம் நான்கு சுவருக்குள் இருந்த சேதியை ஊரார் முன்னிலையில் சொல்லிவிட்டு மூழ்கினார் நாயனார்.

எழுந்தபோது இருவரும் இளமையோடு இருந்தார்கள்! யோகியைக் காணவில்லை. ரிஷப வாகனத்தில் அம்மையப்பர் காட்சி தந்தார்.

திருப்புலீச்சுரம் இன்று இளமையாக்கினார் கோயில். சிதம்பரம் நடராஜர் கோயிலுக்கு மேற்கே இருக்கிறது. எதிரிலேயே அந்தக் குளம். நாயனாரின் குருபூஜை தை மாத விசாகத்தில்.