ஜேம்ஸ் லாண்டிஸ்

ஜேம்ஸ் மெக்காலி லாண்டிஸ் (செப்டம்பர் 25, 1899 – ஜூலை 30, 1964) ஐக்கிய அமெரிக்காவைச் சேர்ந்த சட்ட அறிஞரும் அரசு நிர்வாகியும் ஆவார். 1929ஆம் ஆண்டின் பங்குச் சந்தை வீழ்ச்சிக்குப் பின்னர் அந்நாட்டு நிதிச் சந்தையைச் சட்ட வரம்புக்குள் கொண்டுவந்தவர்களுள் முக்கியமானவர். 1933ஆம் ஆண்டின் பத்திரச் சட்டத்தை வரைந்த மூவருள் ஒருவர். பங்குப் பரிவர்த்தனை ஆணையத்தின் இரண்டாவது தலைவராக 1935 முதல் 1937 வரை பணியாற்றினார். நிறுவனங்கள் தங்கள் கணக்கை உரிய நாளில் அரசிடம் ஒப்படைக்க வேண்டும் என்ற விதியை உருவாக்கிய இவரே, பிற்காலத்தில் தமது வருமான வரி விவரங்களைத் தாக்கல் செய்யத் தவறியதற்காகத் தண்டனை பெற்றார்.

இளமையும் கல்வியும்

லாண்டிஸ் ஜப்பானின் தோக்கியோ நகரில் பிறந்தார். தந்தையார் அங்கு கிறித்தவ சமயப் பணியாளராகவும் ஆசிரியராகவும் இருந்தார். இளம் வயதில் அமெரிக்கா சென்ற லாண்டிஸ், பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்திலும் பின்னர் ஹார்வர்ட் சட்டப் பள்ளியிலும் பயின்றார். ஹார்வர்டில் பேராசிரியர் பீலிக்ஸ் பிராங்பர்ட்டரின் விருப்பத்துக்குரிய மாணவரானார். 1925இல் உச்ச நீதிமன்ற நீதிபதி லூயி பிராண்டைசிடம் ஓராண்டுக்காலம் சட்ட உதவியாளராக இருந்தபின் ஹார்வர்டிலேயே ஆசிரியராகச் சேர்ந்தார். தீர்ப்புகளை மட்டுமே படித்துவந்த சட்ட மாணவர்களுக்குச் சட்டம் இயற்றப்படும் முறையையும் ஒரு பாடமாகக் கற்பித்தார்.

1933ஆம் ஆண்டின் பத்திரச் சட்டம்

1929 செப்டம்பரில் 381 புள்ளிகளாக இருந்த டௌ ஜோன்ஸ் தொழில் குறியீட்டெண் 1932 ஜூலையில் 41 புள்ளிகளாகச் சரிந்தது. முதல் உலகப் போருக்குப் பின் விற்கப்பட்ட பங்குகளிலும் கடன் பத்திரங்களிலும் ஏறத்தாழப் பாதி மதிப்பற்றுப் போயின எனக் காங்கிரசின் குழு ஒன்று மதிப்பிட்டது. 1933 மார்ச்சில் பதவியேற்ற குடியரசுத் தலைவர் பிராங்க்ளின் ரூசவெல்ட் இதற்கெனக் கொண்டுவந்த முதல் மசோதா குறைபாடுகள் மிகுந்ததாக இருந்தது. அதைத் திருத்தித் தருமாறு பிராங்பர்ட்டர் கேட்டுக்கொள்ளப்பட்டார். அவர் ஏப்ரல் மாதத்தில் லாண்டிஸ், பெஞ்சமின் கோஹன், தாமஸ் கார்கரன் ஆகிய மூவரையும் வாஷிங்டனில் பணியில் அமர்த்தினார். சில நாட்களே தங்கும் எண்ணத்தோடு சென்ற லாண்டிஸ் நான்கு ஆண்டுகளுக்கும் மேலாக அங்கேயே இருக்க நேர்ந்தது.

பழைய மசோதா, நிலையற்றது எனக் கருதப்படும் நிறுவனத்தின் பதிவை இரத்துச் செய்யும் அதிகாரத்தை அரசுக்கு அளித்திருந்தது. அப்படியானால் பதிவு பெற்ற ஒவ்வொரு பங்கும் அரசின் நற்சான்று பெற்றது என்றே மக்கள் எண்ணுவர். மூவரும் அவ்வழியைக் கைவிட்டு, இங்கிலாந்தின் கம்பெனிச் சட்டத்தைப் பின்பற்றினர். பொதுமக்களுக்குப் பங்கு விற்க விரும்பும் நிறுவனம் தனது சொத்து, கடன், இலாபம், இயக்குநர்களின் ஊதியம் முதலியவற்றைத் தணிக்கை செய்யப்பட்ட கணக்குடன் பதிவு செய்ய வேண்டும். பதிவுக்கும் விற்பனைக்கும் இடையே 20 நாட்கள் இருக்க வேண்டும். பொய்யான தகவல் தந்தால் இயக்குநர்களும், விற்பனைக்குப் பொறுப்பேற்ற வங்கியாளர்களும், கணக்கைச் சான்றளித்த தணிக்கையாளர்களும் இழப்பீடு தர வேண்டும். எனினும் மோசமான பங்கை விற்பதை இச்சட்டம் தடுக்கவில்லை. அது மோசமானது என்பதை மறைப்பதையே தடுத்தது.

சிறைத் தண்டனை என்ற ஒரே அச்சுறுத்தலால் சந்தையை நடத்த முடியாது என்பது லாண்டிசின் கருத்து. எனவே விசாரணைக்கு அழைக்கும் அதிகாரம், விற்பனையை நிறுத்திவைக்கும் ஆணை எனப் படிப்படியான கருவிகளைச் சட்டத்தில் சேர்த்தார். தணிக்கையாளர் சான்றைக் கட்டாயமாக்கியதால் கணக்காளர் தொழில் பெரிதும் வளர்ந்தது. ஒழுங்குமுறையைக் காப்பதில் அத்தொழிலுக்கே ஆதாயம் இருக்குமாறு செய்தது இச்சட்டத்தின் கவனிக்கத்தக்க நுட்பமாகும். 1933 மே 27 அன்று ரூசவெல்ட் இதில் கையெழுத்திட்டார்.

ஆணையப் பணி

சட்டத்தை நடைமுறைப்படுத்தும் பொறுப்பு முதலில் கூட்டரசு வணிக ஆணையத்திடம் இருந்தது. லாண்டிஸ் அதன் உறுப்பினரானார். 1934இல் பங்குப் பரிவர்த்தனை ஆணையம் தனியே அமைக்கப்பட்டபோது அதற்கு மாற்றப்பட்டார். பங்குச் சந்தை வணிகத்தில் பெரும் பொருள் ஈட்டிய ஜோசப் கென்னடி அதன் முதல் தலைவர். இருவரும் நெருங்கிய நண்பர்களாயினர். 1935 செப்டம்பரில் கென்னடி விலகியதும் லாண்டிஸ் தலைவரானார். அப்போது அவருக்கு வயது 36கூட நிறைந்திருக்கவில்லை.

அவர் காலத்தின் பெரும் போராட்டம் மின்சார நிறுவனங்களுடன் நடந்தது. பல அடுக்குகளாக அமைந்த தாய் நிறுவனங்கள் நாட்டின் மின்சாரத் துறையைக் கட்டுப்படுத்தி வந்தன. அவற்றைப் பதிவு செய்யவும் கலைக்கவும் 1935 ஆகஸ்டில் இயற்றப்பட்ட சட்டத்துக்குப் பெரும்பாலான நிறுவனங்கள் பணிய மறுத்து, பல நீதிமன்றங்களில் வழக்குத் தொடுத்தன. சாதகமான வழக்கை எதிர்த்தரப்பு தேர்ந்தெடுக்க விடாமல், எலக்ட்ரிக் பாண்ட் அண்டு ஷேர் நிறுவனத்தின்மீது ஆணையமே நவம்பரில் வழக்குத் தொடுத்தது. 1938 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் ஆணையத்துக்கு ஆதரவாகத் தீர்ப்பளித்தது.

எல்லா வழக்குகளும் அவ்வாறு முடியவில்லை. 1936இல் ஜோன்ஸ் என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஆணையத்தின் நடவடிக்கையைக் கடுமையாகக் கண்டித்தது. முன்பு லாண்டிஸ் பணியாற்றிய பிராண்டைஸ் உட்பட மூன்று நீதிபதிகள் அத்தீர்ப்பிலிருந்து மாறுபட்டனர்.

பங்குச் சந்தைகள் தம்மைத் தாமே திருத்திக்கொள்ள வாய்ப்பளிக்க வேண்டும் என்று லாண்டிஸ் கருதினார். இது மிதமிஞ்சிய பொறுமை என்று குறை கூறியோர் உண்டு. அவருக்குப்பின் தலைவரான வில்லியம் டக்ளஸ் நியூயார்க் சந்தையிடம் கடுமையாக நடந்துகொண்டார். அச்சந்தையின் முன்னாள் தலைவர் ரிச்சர்ட் விட்னி 1938இல் மோசடிக்காகச் சிறை சென்றது குறை கூறியோரின் வாதத்துக்கு வலுச் சேர்த்தது.

பிற பணிகள்

1937இல் ஹார்வர்ட் சட்டப் பள்ளியின் தலைவரானார். யேல் பல்கலைக்கழகத்தில் நிகழ்த்திய சொற்பொழிவுகள் 1938இல் நூலாக வெளிவந்தன. நவீனத் தொழில்துறையை மேற்பார்வையிட நிபுணர்களைக் கொண்ட ஆணையங்கள் தேவை என்று அதில் வாதிட்டார். 1939இல் துறைமுகத் தொழிற்சங்கத் தலைவர் ஹாரி பிரிட்ஜசை நாடு கடத்துவது குறித்த விசாரணையை நடத்தி, அவர் பொதுவுடைமைக் கட்சி உறுப்பினர் என்பது மெய்ப்பிக்கப்படவில்லை என முடிவு கூறினார். இதனால் பலரின் பகையைத் தேடிக்கொண்டார். போர்க்காலத்தில் உள்நாட்டுப் பாதுகாப்பு அலுவலகத்திலும் கெய்ரோவிலும் பணியாற்றினார். 1946இல் வான் போக்குவரத்து வாரியத்தின் தலைவரானார். குடியரசுத் தலைவர் ட்ரூமன் 1947 இறுதியில் அவரை மீண்டும் நியமிக்கவில்லை. அதன்பின் ஜோசப் கென்னடியின் குடும்ப நிறுவனங்களுக்காகப் பணியாற்றினார்.

1960 டிசம்பரில், பதவியேற்கவிருந்த ஜான் கென்னடிக்கு ஒழுங்குமுறை ஆணையங்களைப் பற்றி ஓர் அறிக்கை அளித்தார். காலதாமதம், தகுதியற்ற நியமனங்கள், கட்டுப்படுத்தப்பட வேண்டிய தொழில்களின் செல்வாக்கு ஆகியவற்றை அதில் வெளிப்படையாகக் கண்டித்தார். 1938இல் தாம் புகழ்ந்த அமைப்புகளைக் குறித்தே அவர் இவ்வாறு எழுதியது குறிப்பிடத்தக்கது. அதையொட்டி 1961இல் அனுப்பப்பட்ட சீரமைப்புத் திட்டங்களுள் சில ஏற்கப்பட்டன. பங்குப் பரிவர்த்தனை ஆணையத்துக்கான திட்டத்தைச் செனட் நிராகரித்தது.

வரி வழக்கும் இறப்பும்

1956 முதல் 1960 வரை ஐந்து ஆண்டுகள் லாண்டிஸ் வருமான வரி விவரங்களைத் தாக்கல் செய்யவில்லை. பின்னர் வரியையும் அபராதத்தையும் செலுத்தினார். வருமானத்தை மறைத்தார் என்பது குற்றச்சாட்டு அன்று. உரிய காலத்தில் விவரம் அளிக்கவில்லை என்பதே. அரசுத் தலைமை வழக்குரைஞராக இருந்த ராபர்ட் கென்னடி, குடும்ப நட்பின் காரணமாக இவ்வழக்கிலிருந்து ஒதுங்கிக்கொண்டார். 1963 ஆகஸ்டில் லாண்டிஸ் குற்றத்தை ஒப்புக்கொண்டு 30 நாள் தண்டனை பெற்றார். அதில் பெரும்பகுதியை மருத்துவமனையில் கழித்தார். 1964 ஜூலையில் நியூயார்க் நீதிமன்றம் அவர் ஓராண்டுக்கு வழக்கறிஞர் தொழில் செய்யத் தடை விதித்தது. அம்மாதம் 30ஆம் நாள் நியூயார்க் மாநிலத்தின் ஹாரிசனிலுள்ள தம் வீட்டு நீச்சல் குளத்தில் இறந்து கிடந்தார். அவர் தற்செயலாக மூழ்கி இறந்தார் என முடிவு செய்யப்பட்டது.