பிளாஹர்ட்டியின் குடும்பங்கள்

ஆவணப் படங்களின் தந்தை என்று உலகம் போற்றும் ராபர்ட் பிளாஹர்ட்டியின் வாழ்க்கை, சொந்த மண்ணை விட்டு வந்து படிக்கும் தமிழ் மாணவர்களாகிய நாம் அறிய வேண்டிய ஒன்று. பிற மக்களின் குடும்பத்தையும் பண்பாட்டையும் படமாக்குவதிலேயே அவர் தம் வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்டார்.

1884-ஆம் ஆண்டு அமெரிக்காவில், மிச்சிகன் மாநிலத்து அயர்ன் மவுண்டன் என்னும் ஊரில் அவர் பிறந்தார். தந்தை இரும்புத் தாது தேடும் தொழில் செய்தவர். சுரங்க முகாம்களில் வளர்ந்த மகனும் அத்தொழிலையே மேற்கொண்டு, 1910 முதல் கனடாவின் ஹட்சன் விரிகுடாப் பகுதியில் அலைந்தார். பள்ளிப் பாடத்தில் எஸ்கிமோக்கள் என்று நாம் படித்த இனுயிட் மக்களோடு அங்கே பழகினார். 1913-இல் ஒரு காமிராவையும் உடன் கொண்டு சென்றார். எடுத்த படத்தின் நெகட்டிவ் 1916-இல் அவருடைய சிகரெட் நெருப்பிலேயே எரிந்து போயிற்று. அவர் மனம் தளரவில்லை. மயிர்த்தோல் வாணிகம் செய்த ஒரு பிரெஞ்சுக் கம்பெனியின் பொருளுதவியோடு 1920-இல் மீண்டும் சென்று, ஓராண்டு தங்கிப் படமெடுத்தார். 1922-இல் வெளிவந்த 'நானூக் ஆப் தி நார்த்' அதுவே.

பனிவெளியில் போராடும் தந்தை, தாய், குழந்தைகளைக் கண்டு உலகம் வியந்தது. ஆனால் அது உண்மைக் குடும்பமன்று. நானூக்காக வந்தவரின் பெயர் அல்லாகாரியாலாக். மனைவியாக வந்தவர் அவருடைய மனைவியல்லர். துப்பாக்கி பழகிய வேட்டைக்காரர்கள் படத்திற்காக ஈட்டியை எடுத்தனர். உள்ளே வெளிச்சம் வேண்டுமென்று பனிவீட்டைப் பாதியாகக் கட்டினர்.

1926-இல் வெளிவந்த 'மோவானா'விலும் சமோவாத் தீவில் அவ்வாறே ஒரு குடும்பத்தைச் சேர்த்தார். 1934-இல் வந்த 'மேன் ஆப் ஆரன்' அயர்லாந்துத் தீவினரைப் பற்றியது. அதில் தாய், தந்தை, மகன் மூவரும் வெவ்வேறு வீட்டினர். சுறா வேட்டை எப்போதோ வழக்கொழிந்துவிட்டதால், தீவினருக்கு அதைப் புதிதாகக் கற்பிக்க வேண்டியிருந்தது. பிறகு நம் மைசூருக்கும் வந்தார். யானைப்பாகன் மகன் சாபு நடித்து 1937-இல் வெளியான 'எலிபெண்ட் பாய்' படத்தைச் சோல்டான் கோர்டாவுடன் இணைந்து இயக்கினார்.

நான் அறிவியல் மாணவன். ஆய்வுக்கூடத்தில் பொருள்களை நாமே ஒழுங்குபடுத்தி வைப்பது குற்றமாகாது. அதைக் குறிப்பேட்டில் எழுதாமல் விடுவதே குற்றம். பிளாஹர்ட்டி எழுதாமல் விட்டார். ஆயினும் ஈட்டி எடுத்தவர்களின் மனம் எனக்கு விளங்குகிறது. பிழைப்புக்காக வடக்கே வந்த எங்கள் வீட்டில் பொங்கல் குக்கரில்தான் வேகிறது. மன்ற விழாவில் மட்டும் மண்பானை வைத்துக் கரும்பு கட்டுகிறோம். யாரும் நம்மை வற்புறுத்தவில்லை. பாட்டனார் வாழ்ந்த முறையை ஊரார் காணட்டும் என்ற ஆசைதான். அவ்வாசை இனுயிட் மக்களுக்கும் இருந்திருக்கலாம்.

பிளாஹர்ட்டியை நினைக்கும்போது என் நெஞ்சை உறுத்துவது வேறொன்று. அவருக்குப் பிரான்சிஸ் என்னும் மனைவியும் மூன்று பெண்மக்களும் இருந்தனர். 'நானூக்' படத்தில் நடித்த பெண்களுள் ஒருவருக்கும் அவரால் 1921-ஆம் ஆண்டின் இறுதியில் ஓர் ஆண்மகவு பிறந்தது. அப்போது அவர் ஊர் திரும்பியிருந்தார். அம்மகனைத் தம் மகன் என்று உலகறிய ஏற்காமலே 1951-இல் அவர் மறைந்தார்.

1953-இலும் 1955-இலும் கனடா அரசு அப்பகுதிக் குடும்பங்கள் சிலவற்றை வெகு தொலைவு வடக்கே, மாதக்கணக்கில் இருள் சூழும் பனித்தீவுகளில் குடியேற்றியது. 1955-இல் சென்றவர்களில் அம்மகனும் அவர் குடும்பமும் இருந்தனர். அங்கே அவர்கள் பட்ட துன்பம் பெரிது. அக்குடியேற்றத்திற்காக அரசு 2010-இல்தான் மன்னிப்புக் கோரியது.

அம்மகனின் மகள் மார்த்தா பிளாஹர்ட்டி, குழந்தையாக அங்கே கொண்டு செல்லப்பட்டவர். பின்னாளில் இனுயிட் மகளிர் அமைப்பின் தலைவராக உயர்ந்தார். 2009-இல் வந்த 'மார்த்தா ஆப் தி நார்த்' என்னும் ஆவணப் படம் அவருடைய கதையைச் சொல்கிறது. பாட்டனார் எந்தப் படத்திலும் காட்டாத குடும்பம் அதில் இருக்கிறது. அதில் உள்ளவர்கள் ஒருவருக்கொருவர் உண்மையிலேயே உறவினர்.

நண்பர்களே, 'நானூக்'கைக் காணுங்கள். அது காண வேண்டிய படமே. ஆனால் மார்த்தாவின் படத்தையும் சேர்த்தே காணுங்கள்.