தொகுப்பு மேசையில் ஒரு வாழ்க்கை

திரைப்படம் காண்போர் நடிகரை அறிவர். இயக்குநரையும் ஓரளவு அறிவர். துண்டு துண்டாகப் பதிவான காட்சிகளைக் கோத்துக் கதையாக்கும் படத்தொகுப்பாளரை அறிவோர் மிகச் சிலரே. ஜப்பானியத் திரையுலகில் அத்தகைய திரைமறைவுப் பணிகளில் தேர்ந்து இயக்குநராக உயர்ந்தவர் தசுகோ சகானே. பின்னர் அப்பணிகளுக்கே திரும்ப நேர்ந்தவரும் அவரே.

சகானே 1904ஆம் ஆண்டு கியோட்டோ நகரில், வசதியான குடும்பத்தில் பிறந்தார். பெற்றோர் அமைத்துத் தந்த மணவாழ்க்கை முறிந்தபின், 1929இல் நிக்காட்சு நிறுவனத்தின் கியோட்டோப் படப்பிடிப்பு நிலையத்தில் பணிக்குச் சேர்ந்தார். அங்கே புகழ்பெற்ற இயக்குநர் கென்ஜி மிசோகுச்சியின் உதவியாளரானார்.

ஒரு காட்சி ஒரே வேளையில் படமாகி முடிவதில்லை. இன்று எடுத்ததும் நாளை எடுப்பதும் அடுத்தடுத்து இணைய வேண்டும். நடிகையின் கூந்தல் முடிப்பு முதல் கையிலுள்ள விசிறி வரை எதுவும் மாறியிருத்தல் கூடாது. இவற்றைக் குறித்து வைப்பதும், பின் சுருளை வெட்டி ஒட்டுவதும் பொறுமையும் கூர்மையும் வேண்டும் பணிகள். மிசோகுச்சியோ நீண்ட காட்சிகளை விரும்பியவர். அவர் படத்தைத் தொகுப்பவருக்கு எங்கே வெட்டுவது என்பதைவிட, எங்கே வெட்டாதிருப்பது என்பதே பெரிய கலை. 1933இல் வெளிவந்த 'தாகி நோ ஷிராயிதோ' என்னும் மௌனப் படத்தைத் தொகுத்தவர் சகானே. ஆண்களே நிறைந்த தளத்தில் கூந்தலைக் குட்டையாக வெட்டிக்கொண்டு, ஆண்களைப் போல் உடுத்தி அவர் உழைத்தார்.

1936இல் 'ஹாட்சு சுகாட்டா' என்னும் கதைப்படத்தை இயக்கி, ஜப்பானின் முதல் பெண் இயக்குநரானார். அப்படத்தின் சுருள் இன்று கிடைக்கவில்லை. மறுவாய்ப்பும் எளிதில் வாய்க்கவில்லை. போர்க்காலத்தில் மஞ்சூரியா சென்று அரசின் நோக்கங்களுக்கான ஆவணப்படங்களை இயக்கினார். 1943இல் எடுத்த, குடியேறிகளின் மணப்பெண்களைப் பற்றிய படம் இன்றும் எஞ்சியுள்ளது. ஆட்சியின் பரப்புரைக்காகவே அது எடுக்கப்பட்டது என்பதையும் வரலாறு மறைப்பதில்லை.

1946இல் தாயகம் திரும்பியவரை ஷோச்சிக்கு நிறுவனம் ஏற்றது. ஆயினும் இயக்குநராக ஏற்கவில்லை. பல்கலைக்கழகப் பட்டம் இல்லை என்பது காரணமாகக் கூறப்பட்டது. முன்பே படங்களை இயக்கியவரின் பட்டறிவு, ஒரு சான்றிதழின்முன் செல்லாக்காசாயிற்று. மீண்டும் காட்சிக் குறிப்பும் தொகுப்புமே அவர் பணிகளாயின. 1953இல் நடிகை கினுயோ தனாகா இயக்குநரானபோது, முதலில் அவ்வழியே நடந்த சகானே பெயர் பெறாப் பணியில் இருந்தார்.

1975இல் சகானே மறைந்தார். நல்ல தொகுப்பு கண்ணுக்குத் தெரியாது என்பது திரைக்கலையின் இயல்பு. தொகுத்தவரும் தெரியாமற் போவது இயல்பன்று. அது சமூகத்தின் பிழை.