ஒரு பெயரைப் படைத்த வைத்தியர்

பின்லாந்து தேசத்தில் பிறந்த நாளைப் போலவே பெயர் நாளையும் கொண்டாடுகிறார்கள். அந்நாட்டுப் பஞ்சாங்கத்தில் ஏறக்குறைய ஒவ்வொரு தேதிக்கும் எதிரே சில பெயர்கள் அச்சாகியிருக்கும். அந்தப் பெயர் உடையவர்களை அன்று உற்றார் உறவினர் வாழ்த்துவார்கள். மே மாதம் 10-ந் தேதி, ஐனோ என்று பெயர் கொண்ட பெண்களின் நாள்.

ஐனோ! கூப்பிடுவதற்கு இனிய சிறு பெயர். கொள்ளுப் பாட்டிக்கும் அந்தப் பெயர். தொட்டிலில் கிடக்கும் குழந்தைக்கும் அந்தப் பெயர். ஆயிரம் ஆண்டுகளாக வழங்கி வரும் பெயர் என்றே கேட்பவர்கள் எண்ணுவார்கள். ஆனால் 19-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பெண் குழந்தைக்கு ஐனோ என்று பெயரிடும் வழக்கம் அங்கே கிடையாது. அது அப்போது பெயரே அல்ல, வெறும் அடைமொழி. அதைப் பெயராக்கி ஒரு நாட்டுக்கே வழங்கியவர் ஒரு வைத்தியர். அவர்தான் எலியாஸ் லொண்ரொத்.

தையற்காரர் மகன்

1802-ம் ஆண்டு ஏப்ரல் 9-ந் தேதி, தெற்குப் பின்லாந்தில் சம்மத்தி என்னும் கிராமத்தில், பைக்காரி என்ற சிறு குடிசையில் எலியாஸ் பிறந்தார். தகப்பனார் ஒரு தையற்காரர். குழந்தைகள் ஏழு பேர்; எலியாஸ் நான்காமவர். வீட்டில் பாதி நாள் பசி. பையனுக்கோ புத்தகம் கிடைத்தால் சோறு வேண்டாம். மரக் கிளையில் ஏறி உட்கார்ந்துகொண்டு படிப்பாராம். தூங்கும் பிள்ளைகளை எழுப்பும்போது அக்கம்பக்கத்துத் தாய்மார்கள் அவரைத்தான் உதாரணம் காட்டுவார்களாம்.

படிப்பதற்கு வறுமை மட்டும் தடையாக இல்லை; மொழியும் தடையாக இருந்தது. பின்லாந்து பல நூற்றாண்டுகள் ஸ்வீடனின் ஆட்சியில் இருந்தது. 1809-ல் அது ருஷ்யச் சக்கரவர்த்தியின் கைக்கு மாறியது. ஆட்சி மாறியும் பள்ளிக்கூடத்திலும் நீதிமன்றத்திலும் கனவான்களின் வீட்டிலும் ஸ்வீடிஷ் மொழியே கோலோச்சியது. குடியானவனும் கூலிக்காரனும் பேசிய பின்னிஷ் மொழியில் வேத புத்தகமும் ஞானப் பாட்டும் இருந்தன. அதற்கு மேல் படிக்க அதிகம் இல்லை. தையற்காரர் மகன் அந்நிய மொழியைக் கற்றுக்கொண்டுதான் பாடம் கற்க வேண்டியிருந்தது. பணம் தீர்ந்தபோது, ஏழை மாணவர்களின் வழக்கப்படி, வீடு வீடாகப் போய்ப் பாடித் தானியம் வாங்கினார். சில காலம் மருந்துக் கடையில் எடுபிடி வேலை செய்தார்.

இப்படியெல்லாம் பாடுபட்டு 1822-ல் தூர்க்கு நகரத்துச் சர்வகலாசாலையில் சேர்ந்தார். அதே ஆண்டு அங்கே சேர்ந்தவர்களில் இருவர் பின்னால் பெரும் புகழ் பெற்றார்கள். ஒருவர் கவிஞர் ரூனெபெரி. மற்றவர் தத்துவ அறிஞரும் ராஜதந்திரியுமான ஸ்னெல்மன். மூவரும் சேர்ந்து பிற்காலப் பின்லாந்தின் மனத்தையே உருவாக்கினார்கள்.

1827-ல் தூர்க்கு நகரம் தீக்கிரையாயிற்று. அந்த ஆண்டுதான் லொண்ரொத், பழம்பாடல்களில் வரும் வைனாமொயினன் என்ற பாடகனைப் பற்றி ஓர் ஆராய்ச்சி எழுதியிருந்தார். அதன் இரண்டாம் பகுதி நெருப்போடு போயிற்று. எழுதியது எரியலாம், ஜனங்கள் வாயில் இருக்கும் பாட்டு எரியாது அல்லவா? மறு வருஷமே அதைத் தேடிப் புறப்பட்டார்.

பாட்டைத் தேடி

1828-லிருந்து 1844 வரை அவர் பதினொரு யாத்திரைகள் செய்தார். பெரும்பாலும் கால்நடை. சில இடங்களில் படகு, சில இடங்களில் பனிச்சறுக்கு. தோளில் ஒரு மூட்டை, கையில் ஒரு புல்லாங்குழல். குடியானவனைப் போல உடை. குழலை எடுத்து ஊதினால் குழந்தைகள் கூடுவார்கள்; பின்னால் பெரியவர்கள் வருவார்கள்; பிறகு பாட்டு வரும்.

இதற்கிடையே 1832-ல் டாக்டர் பட்டம் பெற்றார். அதற்கு அவர் எழுதிய ஆராய்ச்சியும் நாட்டு மக்களின் மந்திர வைத்தியத்தைப் பற்றியதுதான். 1833-ல் வடக்கே கயானி என்ற சிற்றூருக்கு அரசாங்க வைத்தியராகப் போனார். விளைச்சல் பொய்த்துப் பஞ்சமும் அதன் பின்னால் கொள்ளைநோயும் வந்திருந்த காலம். மர்ப் பட்டையை மாவோடு கலந்து ரொட்டி சுட்டார்கள் மக்கள். ஒரு பெரிய ஜில்லாவுக்கு அவர் ஒருவரே வைத்தியர். நோயாளிகளிடமிருந்து அவருக்கும் விஷ ஜுரம் தொற்றியது, எப்படியோ பிழைத்துக்கொண்டார்.

கயானியில் ஒரு செளகரியம் இருந்தது. ருஷ்ய எல்லைக்கு அப்பால் கரேலியக் கிராமங்கள் அருகில் இருந்தன. பழம்பாடல்கள் அழியாமல் இருந்தது அங்கேதான். 1834 ஏப்ரலில் லத்வயார்வி என்ற கிராமத்தில் அர்ஹிப்பா பெர்த்துனன் என்ற முதியவரை லொண்ரொத் சந்தித்தார். அர்ஹிப்பாவுக்கு அறுபது வயதுக்கு மேல். எழுதப் படிக்கத் தெரியாது. மூன்று நாள் அவர் பாடினார், வைத்தியர் எழுதினார். நாலாயிரம் அடிகளுக்கு மேல் சேர்ந்தன. தம் சிறு வயதில் தகப்பனாரும் ஒரு துணைவரும் வலை வீசிவிட்டுக் கரையில் தீ மூட்டி, கையோடு கை கோத்துக்கொண்டு, விடிய விடிய ஒரு பாட்டைக்கூடத் திரும்பப் பாடாமல் பாடியதை முதியவர் நினைவு கூர்ந்தார். தம்மோடு இந்தப் பாட்டுக்கள் போய்விடுமே என்பது அவர் கவலை.

அவை போகவில்லை. சிதறிக் கிடந்த பாடல்களை லொண்ரொத் ஒரே கதையாகக் கோத்தார். 1835-ம் ஆண்டு பிப்ரவரி 28-ந் தேதியிட்டு அதற்கு முகவுரை எழுதினார். அதுவே 'கலேவலா' என்ற காவியம். பின்லாந்தில் அந்தத் தேதி இன்றும் கலேவலா தினம். முதற் பதிப்பு ஐந்நூறு பிரதிகள். அவை விற்றுத் தீரப் பத்து வருஷத்துக்கு மேல் ஆயிற்று. லொண்ரொத் தளரவில்லை. மேலும் பாடல்களைச் சேர்த்து 1849-ல் 50 காண்டங்களும் 22,795 அடிகளும் கொண்ட புதுப் பதிப்பை வெளியிட்டார்.

பெயரில்லாத பெண்

இந்தப் புதுப் பதிப்பில்தான் ஐனோ முழு உருவம் பெற்று நடமாடுகிறாள்.

யொவுகாஹைனன் என்ற வாலிபன், கிழவனான வைனாமொயினனோடு பாட்டுப் போட்டி போடுகிறான். கிழவனுடைய பாட்டின் சக்தி அவனைச் சேற்றில் அமிழ்த்துகிறது. கழுத்துவரை புதைந்தபின், உயிருக்குப் பயந்து, தன் தங்கையை மணம் செய்து தருவதாக வாக்குக் கொடுக்கிறான். தாய்க்கு ஆனந்தம், இத்தனை பெரிய மாப்பிள்ளை வேறு எங்கே கிடைப்பான்? மகளுக்கோ கண்ணீர். தள்ளாத கிழவனுக்கு வாழ்க்கைப்பட அவளுக்கு மனமில்லை. அவளை ஒருவரும் கேட்கவும் இல்லை. பட்டும் நகையும் பூட்டிக்கொள்ளச் சொல்கிறாள் தாய். பெண் வீட்டை விட்டு நடந்து, கடற்கரையை அடைந்து, நீரில் இறங்கி மறைந்துபோகிறாள். செய்தியைத் தாயிடம் கொண்டு வருவது ஒரு முயல். தாய் அழுத கண்ணீர் ஆறாக ஓடுகிறது.

கிராமங்களில் வழங்கிய பாட்டு இதுவல்ல. அங்கே அன்னி என்ற பெண், குளியலறைக்கு இலைக் கொத்து ஒடிக்கத் தோப்புக்குப் போகிறாள். ஓர் ஆண்மகன் அவளை வழிமறித்துப் பேசுகிறான். அழுதுகொண்டு வீடு திரும்பியவள், நகையும் உடையும் வைத்திருக்கும் அறைக்குள் போய்த் தூக்கிட்டுக்கொள்கிறாள். பாட்டுப் போட்டியில் பணயம் வைக்கப்பட்ட தங்கையின் கதை வேறு; அது தனிப் பாட்டு. லொண்ரொத் இரண்டையும் இணைத்தார். தூக்குக் கயிற்றை நீக்கித் தண்ணீரில் மூழ்கும் முடிவைத் தந்தார்.

இனி அந்தப் பெண்ணுக்கு ஒரு பெயர் வேண்டும். பாடகர்கள் தங்கையையும் மகளையும் பாடும்போது 'ஐனோ' என்ற சொல்லை அடைமொழியாகச் சேர்ப்பார்கள். பின்னிஷ் மொழியில் அதற்கு 'ஒரே' என்று பொருள். ஒரே மகள், ஒரே தங்கை. வீட்டுக்கு ஒருத்தியாகப் பிறந்த செல்வத்தைக் குறிக்கும் சொல். அந்த அடைமொழியையே லொண்ரொத் பெயராக்கிவிட்டார். பறிகொடுத்த பிறகுதான் தாய்க்குத் தெரிகிறது, தனக்கு இருந்தது ஒன்றே ஒன்று என்று. கதையின் சோகம் முழுவதும் அந்த ஒரு சொல்லில் அடங்கிவிட்டது.

வீட்டுக்கு வீடு ஐனோ

துர்மரணம் அடைந்த பெண்ணின் பெயரை யாராவது தம் குழந்தைக்கு வைப்பார்களா? பின்லாந்து மக்கள் வைத்தார்கள். அதற்குக் காரணம் உண்டு.

அதுவரை அந்நாட்டில் ஞானஸ்நானப் பெயர்கள் பெரும்பாலும் வேத புத்தகத்திலிருந்தும் அர்ச்சிஷ்டர்களின் வரிசையிலிருந்தும் வந்தவை. குருமார் அவற்றை ஸ்வீடிஷ் உருவத்திலேயே பதிவேட்டில் எழுதுவார்கள். வீட்டில் ஒரு பெயர், ஏட்டில் ஒரு பெயர் என்று வாழ்ந்த ஜனங்களுக்குத் தங்கள் மொழியிலேயே பிறந்த பெயர் ஒன்று கிடைத்தது. 1863-ல் சக்கரவர்த்தி இரண்டாம் அலெக்சாந்தர், இருபது ஆண்டுகளுக்குள் அரசாங்க அலுவல்களில் பின்னிஷுக்கும் ஸ்வீடிஷுக்கும் சம அந்தஸ்து வர வேண்டும் என்று உத்தரவிட்டார். மொழிப்பற்று வளர வளர, குழந்தைக்குக் காவியப் பெயர் வைப்பதே தேசப்பற்றின் அடையாளம் ஆயிற்று. ஆண் பிள்ளைகள் வைனோ, இல்மரி, தபியோ ஆனார்கள். பெண்கள் ஐனோ ஆனார்கள்.

1871-ல் யார்ணபெல்ட் குடும்பத்தில் பிறந்த ஐனோ, 1892-ல் சங்கீத மேதை சிபேலியஸை மணந்தார். 1904-ல் அவர்கள் குடியேறிய வீட்டுக்கு ஐனோலா என்று அவர் பெயரையே வைத்தார்கள். ஐனோ வாழும் இடம் என்று பொருள். அந்த அம்மையார் 97 வயது வரை வாழ்ந்தார். உலகப் புகழ் பெற்ற பாடகி ஐனோ அக்தே, எழுத்தாளர் ஐனோ கல்லாஸ், கட்டடக் கலைஞர் ஐனோ ஆல்தோ எல்லோரும் அந்தத் தலைமுறைகளில் பிறந்தவர்களே. ஓவியர் கல்லேன் கல்லேலா 1891-ல் ஐனோவின் கதையை மூன்று பகுதிகளாகத் தீட்டிய ஓவியம் ஹெல்சிங்கியில் பார்ப்போரைக் கவர்ந்து வருகிறது. காவியம் தமிழுக்கும் வந்தது. உதயணன் என்ற புனைபெயர் கொண்ட இலங்கைத் தமிழர் சிவலிங்கம் அதை மொழிபெயர்த்து 1994-ல் வெளியிட்டார்.

எஞ்சிய ஒருத்தி

புதிய கலேவலா வெளிவந்த அதே 1849-ல், தமது 47-வது வயதில், லொண்ரொத் மரியா பிப்போனியஸ் என்ற பெண்ணை மணந்தார். 1853-ல் ஹெல்சிங்கி சர்வகலாசாலையில் பின்னிஷ் மொழிப் பேராசிரியரானார். இரண்டு லட்சத்துக்கு மேற்பட்ட சொற்கள் கொண்ட பின்னிஷ்-ஸ்வீடிஷ் அகராதியைத் தொகுத்தார். குடியானவர்களுக்கு வீட்டு வைத்திய நூல் எழுதினார்; தாவர நூல் எழுதினார்; இலக்கியத்தைக் குறிக்கப் பின்னிஷில் இன்று வழங்கும் சொல்லும் அவர் தந்ததே. இத்தனை புகழுக்கு நடுவே, வீட்டுக்குள் துயரம் நுழைந்தது.

ஐந்து குழந்தைகள் பிறந்தார்கள். தந்தையின் பெயரையே தாங்கிய ஒரே மகன் எலியாஸ் மழலைப் பருவத்திலேயே இறந்தான். பெண்கள் நால்வர்: மரியா, ஈடா, எலினா, தெக்லா. நாட்டுக்கு ஐனோவைத் தந்தவர் தம் பெண்களை வழக்கமான பெயர்களால்தான் அழைத்தார். 1868-ல் மனைவி காசநோயால் காலமானார். அடுத்த பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளுக்குள் மூன்று பெண்களும் ஒருவர்பின் ஒருவராகப் போய்ச் சேர்ந்தார்கள். ஊராரின் நோயைத் தீர்க்க ஆயிரமாயிரம் மைல் நடந்த வைத்தியரால் தம் வீட்டில் ஒன்றும் செய்ய முடியவில்லை. காசநோய்க் கிருமியை ராபர்ட் காக் கண்டறிந்ததே 1882-ல்தான்.

பிறந்த ஊரான சம்மத்திக்கே திரும்பியிருந்த லொண்ரொத்துக்குக் கடைசியில் மிஞ்சியவள் ஈடா ஒருத்திதான். முதியவர் அகராதியின் கடைசித் தாள்களைத் திருத்தினார். ஞானப் பாட்டுக்களைச் செப்பனிட்டார். மடியில் வைத்து மீட்டும் கந்தேலே என்ற தந்தி வாத்தியத்தை வாசித்தார். 1884-ம் ஆண்டு மார்ச் 19-ந் தேதி, 81-வது வயதில் உயிர் நீத்தார்.

காவியத்துத் தாயின் அழுகையை அவர் எழுதியபோது அவருக்குக் குழந்தைகள் இல்லை. பிற்காலத்தில் அந்த அழுகை அவருக்கும் சொந்தமாயிற்று. கடைசி நாட்களில் அவருடைய வீட்டில் இருந்தவள் பெயரால் ஈடா, பொருளால் ஐனோ.